கடப்பா மேடைக்கு ஒட்டு வினைலா, வெட்ரிஃபைட் டைலா?

சமையலறையில் கறை ஏறிய கடப்பாக்கல் மேடையைப் பெயர்த்து கிரானைட் போட ஆரம்பித்தால் சுவர் டைல், சிங்க், குழாய் என்று வேலை இழுத்துக்கொண்டே போகும். பெயர்க்காமல் மேலேயே ஒட்ட இரண்டு வழி உண்டு: பின்தாளை உரித்து ஒட்டும் வினைல் டைல், பசைக் கலவையில் பதிக்கும் வெட்ரிஃபைட் டைல். சொந்த வீடென்றால் யோசிக்காமல் இரண்டாவது.

செலவும் வேகமும் வினைல் பக்கம்தான். கத்தியும் ஸ்கேலும் இருந்தால் அரை நாளில் முடியும். கொதிக்கும் குக்கரை நேரே வைத்தால் தடம் பதியும், அது தெரிந்ததே.

முடிவைத் தீர்மானிப்பது இணைப்புக் கோடுகள். 7 அடி நீளம், 2 அடி அகல மேடைக்கு ஓரடிச் சதுர வினைல் 14 பிடிக்கும். கோடுகளைக் கூட்டினால் 19 அடி. 600 × 1200 மி.மீ. வெட்ரிஃபைட் டைல் இரண்டு போதும். நடுவில் ஒரே கோடு, 2 அடி. வினைல் கோட்டில் கிரவுட் (டைல் இடைவெளியை அடைக்கும் பூச்சு) கிடையாது, ஓரங்கள் சும்மா முட்டிக்கொண்டு நிற்கும். கழுவும் தண்ணீர் உள்ளே இறங்கிப் பசை ஊறி, சிங்க் ஓரம்தான் முதலில் தூக்கும். அடியில் மாவும் எண்ணெயும் சேர்ந்தால் கரப்பானுக்குக் கொண்டாட்டம். சிலிக்கான் பூசினால் கொஞ்சம் தள்ளிப்போகும். எவ்வளவு நாள் என்பது புழக்கத்தைப் பொறுத்தது.

வெட்ரிஃபைடிலும் சொதப்ப இடமுண்டு. எண்ணெய்ப் பிசுக்கை சோப்புத்தூள் போட்டுத் தேய்த்துக் கழுவுங்கள்; ஆசிட் வேண்டாம், கடப்பா சுண்ணாம்புக்கல், அரித்துவிடும். காய்ந்தபின் கிரைண்டரால் கீறி, பாலிமர் கலந்த டைல் பசை போடுங்கள். வழவழப்பான கல்லில் வெறும் சிமெண்ட் பிடிக்காது. டைலின் முதுகிலுள்ள வெள்ளைப் பொடியைத் தேய்த்தெடுக்காவிட்டால் பசை பொடியைத்தான் பிடிக்கும். மேடை, முதுகு இரண்டிலும் பசை தடவ வேண்டும். அடியில் காலி இடம் இருந்தால் பாத்திரம் விழுந்த இடத்தில் உடையும். சிங்க் வெட்டும் மூலைகளில் முதலில் துளை போடாமல் நேரே வெட்டினால் அங்கிருந்தே விரிசல் ஓடும். அந்த ஒரே கோட்டுக்கு எபாக்ஸி கிரவுட். சிமெண்ட் கிரவுட் மஞ்சளைக் குடித்துவிடும். மேடை ஏறக்குறைய 12 மி.மீ. உயரும், அதனால் சிங்கைக் கழற்றித் திரும்பப் பதிக்கும் கூலியையும் மேஸ்திரியிடம் முன்பே பேசிவிடுங்கள்.

வாடகை வீடென்றால் கதை வேறு. வினைலை அடுப்பும் சிங்கும் இல்லாத பகுதியில் மட்டும் ஒட்டலாம். காலி செய்யும்போது ஹேர் டிரையர் சூட்டில் பசை இளகி உரிந்து வரும்.