நைரோபியின் சூப்பர்மேட்ச் சிகரெட்: பெட்டியும் அதைச் செய்த ஆலையும்

சூப்பர்மேட்ச் சிகரெட்டை மதிப்பிட வேண்டுமானால் அதைத் தயாரித்த மாஸ்டர்மைண்ட் டொபாக்கோ கென்யா நிறுவனத்தையும் சேர்த்தே மதிப்பிட வேண்டியிருக்கிறது. கென்யாவில் 1907ஆம் ஆண்டு முதல் வேரூன்றி நிற்கும் பிரிட்டிஷ் அமெரிக்கன் டொபாக்கோ என்ற பன்னாட்டு நிறுவனத்துக்கு எதிரே, உள்ளூர்க்காரர் ஒருவர் சொந்த முதலில் ஆலை வைத்து, நாடு முழுவதும் பெட்டிக்கடைகளில் இடம்பிடித்த சரக்கு இது. நான் அட்டைப் பெட்டி அச்சுத் தொழிலில் இருப்பவன். நைரோபியில் வேலை பார்த்த காலத்தில் கைக்குக் கிடைத்த பெட்டிகளையெல்லாம் பிரித்துப் பார்ப்பது என் தொழிலின் ஒரு பகுதியாக இருந்தது. எனக்குப் புகைக்கும் பழக்கம் கிடையாது என்பதால் சுவையைப் பற்றி இங்கே எதையும் எதிர்பார்க்க வேண்டாம். பொருள் எப்படிச் செய்யப்பட்டது, யாருக்கு விற்கப்பட்டது, அதைச் செய்தவர்கள் எதனால் வளர்ந்து எதனால் இடர்ப்பட்டார்கள் என்பதே என் அக்கறை.

பெட்டியிலிருந்தே தொடங்குகிறேன். அச்சுத் தொழிலில் சிகரெட் பெட்டியைப் போல மன்னிக்காத வேலை குறைவு. பொதியும் இயந்திரம் நிமிடத்துக்கு நூற்றுக்கணக்கான பெட்டிகளை மடித்துத் தள்ளும். அட்டையின் மடிப்புக் கோடு சற்றே விலகினாலும் இயந்திரம் நின்றுவிடும். புகையிலை அக்கம்பக்கத்து வாடையையெல்லாம் இழுத்துக்கொள்ளும் பண்டம் என்பதால் மையில் மணம் தங்கக் கூடாது. இலையின் ஈரம் குறைந்தால் தூள் உதிரும், கூடினால் பூஞ்சை பிடிக்கும் என்பதால், உள்ளேயிருக்கும் வெள்ளித் தாளும் வெளியேயிருக்கும் கண்ணாடித் தாளும் சரியாக மூடியிருக்க வேண்டும். நான் பிரித்துப் பார்த்த சூப்பர்மேட்ச் பெட்டிகளில் மடிப்பு நேராக இருந்தது, பிரிக்கும் நாடா ஒரே இழுப்பில் வந்தது, ஓரங்களில் வண்ணம் பிசகவில்லை. ஐரோப்பியப் பெயர் தாங்கிய விலை உயர்ந்த பெட்டியின் அருகில் வைத்துப் பார்த்தபோதும் செய்நேர்த்தியில் அது தலைகுனியவில்லை. உள்ளூர் ஆலையால் இது முடியாது என்று நினைத்தவர்களுக்கு அந்தப் பெட்டியே பதிலாக இருந்தது என்று தயங்காமல் சொல்வேன்.

நிறுவனத்தைத் தொடங்கிய வில்ஃப்ரட் முருங்கி முன்பு பிரிட்டிஷ் அமெரிக்கன் டொபாக்கோவில் வேலை பார்த்தவர். அங்கே தொழிலைக் கற்றுக்கொண்டு வெளியே வந்து, 1980களின் பிற்பகுதியில் மாஸ்டர்மைண்டை நிறுவினார். நைரோபியின் மொம்பாசா சாலையில் அதன் ஆலை அமைந்தது. சிகரெட் தொழிலில் இயந்திரம் வாங்குவது கடினமான காரியமல்ல, பணம் இருந்தால் போதும். இலையும் கடையும்தான் கடினம். இந்த இரண்டும் ஏற்கெனவே ஒரே கையில் இருந்த நாட்டில் புதிதாக ஒருவர் நுழைந்து நிலைத்ததை நான் பெரிய சாதனையாகவே கருதுகிறேன்.

இலைக்கான போட்டிதான் இந்த வரலாற்றிலேயே கூர்ந்து கவனிக்க வேண்டிய பகுதி. கென்யாவில் மிகோரி, குரியா, புங்கோமா போன்ற பகுதிகளில் சிறு விவசாயிகள் ஒப்பந்த முறையில் புகையிலை பயிரிடுகிறார்கள். விதை, உரம், பூச்சிமருந்து ஆகியவற்றை நிறுவனம் கடனாகக் கொடுக்கும். அறுவடைக்குப் பின் விவசாயி இலையைக் கொட்டகையில் விறகெரித்து உலர்த்தி, தரம் பிரித்து, கட்டுக்கட்டாக நிறுவனத்தின் கொள்முதல் நிலையத்துக்குக் கொண்டுபோவார். தரத்தை முடிவு செய்வதும் வாங்குபவரே, விலையைச் சொல்வதும் வாங்குபவரே. கடன் கழித்ததுபோக மீதம் விவசாயியின் கைக்கு வரும். இப்படி ஒருவரே வாங்கிக்கொண்டிருந்த ஊரில் இன்னொருவர் வந்து தராசு வைத்தால் என்ன நடக்கும் என்று விளக்க வேண்டியதில்லை. விவசாயிக்கு முதன்முறையாக "வேறிடத்தில் விற்பேன்" என்று சொல்ல வாய் வந்தது. கடன் கொடுத்தவருக்கோ, தம் உரத்தில் விளைந்த இலை அடுத்தவர் கிடங்குக்குப் போகிறதே என்ற கோபம் வந்தது.

அந்தக் கோபத்தில் ஓரளவு நியாயம் இருக்கிறது. கடன் கொடுத்தவன் தன் கடனைக் கேட்பதில் தவறில்லை. ஆனால் அதற்குத் தேடப்பட்ட வழியை என்னால் ஏற்க முடியவில்லை. 1994ஆம் ஆண்டு கென்ய அரசு புகையிலை பயிரிடுதலும் விற்பனையும் குறித்து விதிகளை வெளியிட்டது. ஒப்பந்தம் செய்துகொண்ட நிறுவனத்துக்கே விவசாயி இலையை விற்க வேண்டும் என்று அவை கட்டுப்படுத்தின. அமெரிக்காவின் மின்னசோட்டா மாநிலத்தில் புகையிலை நிறுவனங்களுக்கு எதிராக நடந்த வழக்கு 1998இல் உடன்பாட்டில் முடிந்ததையடுத்து, பிரிட்டிஷ் அமெரிக்கன் டொபாக்கோவின் உள் ஆவணங்கள் பொதுப் பார்வைக்கு வந்தன. அந்த விதிகளின் வரைவை எழுதியதே தாங்கள்தான் என்று நிறுவனத்தவர் தமக்குள் எழுதிக்கொண்டது அவற்றின் வழியாக வெளிப்பட்டது. போட்டியாளரை விலையிலும் தரத்திலும் வெல்லாமல், அரசாணையைக் கொண்டு வேலி போடுவது எந்தத் தொழிலிலும் ஏற்கத் தகாத செயல். அதில் அடிபட்டது மாஸ்டர்மைண்ட் மட்டுமல்ல, இரண்டாவது தராசை இழந்த விவசாயியும்தான்.

அந்த வேலியையும் தாண்டி நிறுவனம் நின்றது. எப்படி நின்றது என்பதற்கான விடை கடைத்தெருவில் இருக்கிறது. நைரோபியின் குடிசைப் பகுதிகளிலும் பேருந்து நிறுத்தங்களிலும் இருக்கும் பெட்டிக்கடைகளை அங்கே டுகா என்பார்கள். நான் அடிக்கடி நின்ற ஒரு கடையில் முன்பக்கம் முழுதும் கம்பிவலை, நடுவில் கை நுழையும் அளவுக்கு ஒரு திறப்பு. சிகரெட் கேட்பவர் நாணயத்தை உள்ளே நீட்டுவார். கடைக்காரர் திறந்திருக்கும் பெட்டியிலிருந்து ஒன்றை உருவிக் கொடுப்பார். நூலில் கட்டித் தொங்கும் லைட்டரில் அங்கேயே பற்றவைத்துக்கொண்டு அவர் நகர்ந்துவிடுவார். பத்துக்கும் குறைவான சிகரெட்டுகளைப் பிரித்து விற்கக் கூடாது என்று 2007ஆம் ஆண்டின் புகையிலைக் கட்டுப்பாட்டுச் சட்டம் சொல்கிறது. இருந்தும் என் கண்முன் நடந்த விற்பனை பெரும்பாலும் உதிரி விற்பனைதான். மலிவான சிகரெட்டின் வாடிக்கையாளர் அன்றாடங்காய்ச்சி. அவர் பெட்டியாக வாங்குவதே இல்லை.

இதில் அச்சுத் தொழில்காரனாக எனக்கு உறுத்துவது ஒன்று உண்டு. கென்யாவின் 2014ஆம் ஆண்டு விதிகள் பெட்டியின் மேல் எச்சரிக்கைப் படங்களைக் கட்டாயமாக்கின. நோயுற்ற உறுப்புகளின் படங்கள் தெளிவாகவே அச்சிடப்பட்டிருந்தன. ஆனால் உதிரியாக வாங்குபவர் அந்தப் படத்தைப் பார்ப்பதே இல்லை. பெட்டி கம்பிவலைக்குப் பின்னால், கடைக்காரரின் முழங்கைக்குக் கீழே கிடக்கிறது. எவருக்கு அந்த எச்சரிக்கை மிகவும் தேவையோ அவருக்கு அது போய்ச் சேரவில்லை. வருமானத்துக்கு எட்டும் விலையில் கிடைப்பதே சூப்பர்மேட்ச் போன்ற சிகரெட்டின் பலம் என்றால், அதே பலம்தான் அதன் பெருங்குற்றமும் ஆகும். ஏழைக்கு எட்டும் விலையில் அரிசியும் மருந்தும் வந்தால் பாராட்டலாம். சிகரெட் வந்தால் அப்படிப் பாராட்ட எனக்கு மனம் வரவில்லை.

வரியின் கணக்கு இந்த இடத்தில்தான் நிறுவனத்தின் கழுத்தைப் பிடித்தது. முன்பு கென்யாவில் சில்லறை விலையை ஒட்டிப் படிப்படியாகக் கலால் வரி விதிக்கப்பட்டது. மலிவான சிகரெட்டுக்குக் குறைந்த வரி, விலை உயர்ந்ததற்குக் கூடுதல் வரி என்ற அந்த ஏற்பாடு மலிவுச் சரக்கைச் செய்பவருக்கு நிழலாக இருந்தது. 2015ஆம் ஆண்டின் கலால் சட்டம் 1,000 சிகரெட்டுக்கு 2,500 ஷில்லிங் என்று ஒரே வரியைக் கொண்டுவந்தது. அதாவது 20 சிகரெட் கொண்ட பெட்டி ஒன்றுக்கு 50 ஷில்லிங். விலை உயர்ந்த பெட்டிக்கும் 50, மலிவான பெட்டிக்கும் 50. முன்னதற்கு அது விலையின் ஒரு பகுதி. பின்னதற்கோ விலையின் பெரும்பகுதியே அதுவாகிவிடுகிறது. உதிரிக் கணக்கில் பார்த்தால் ஒரு சிகரெட்டுக்கு இரண்டரை ஷில்லிங் வரி. கடையில் புழங்குவதோ 1, 5, 10 ஷில்லிங் நாணயங்கள். விலையை அரை ஷில்லிங் ஏற்றி வாடிக்கையாளரைத் தக்கவைக்க வழியில்லை. ஏற்றினால் ஒரேயடியாக ஏற்ற வேண்டும், இல்லையேல் இலாபத்தை விட வேண்டும். 2017இல் ஃபில்டர் இல்லாத சிகரெட்டுக்கு மட்டும் வரி 1,800 ஷில்லிங்காகக் குறைக்கப்பட்டது. ஃபில்டர் சிகரெட்டுக்குப் பழைய வரியே தொடர்ந்தது.

பொது நலத்தின் பக்கம் நின்று பார்த்தால் ஒரே வரி என்பது சரியான கொள்கை. மலிவான சிகரெட்டு என்று ஒன்று இல்லாமல் போவதே அதன் நோக்கம். அந்த நோக்கம் நிறைவேறும்போது முதலில் வாடுபவர் உள்ளூர் உற்பத்தியாளராக இருப்பார் என்பதும் உண்மை. ஏனெனில் பன்னாட்டு நிறுவனத்தின் கையில் மேல்தட்டு, நடுத்தட்டு, கீழ்த்தட்டு என மூன்று வகைச் சரக்கும் இருக்கும். ஒன்றில் வரும் இழப்பை மற்றொன்றில் ஈடுகட்டிக்கொள்ளலாம். கீழ்த்தட்டையே நம்பியவருக்கு அந்த வசதி இல்லை. இதற்காக வரியைக் குறைக்க வேண்டும் என்று நான் சொல்லமாட்டேன். கீழ்த்தட்டை மட்டுமே நம்பிய திட்டத்தில்தான் பிழை இருந்தது என்பது என் கருத்து.

வரி வில்லை பற்றியும் சொல்ல வேண்டும். 2013 முதல் கென்யாவின் வருவாய் ஆணையம் ஒவ்வொரு சிகரெட் பெட்டியின் மேலும் பாதுகாப்புக் குறிகள் கொண்ட வில்லையை ஒட்டச் செய்து, ஆலையிலிருந்து கடைவரை கணக்கு வைக்கிறது. சோமா லேபல் என்ற செயலியைக் கைபேசியில் இறக்கிக்கொண்டால் யார் வேண்டுமானாலும் வில்லையைச் சோதித்துப் பார்க்கலாம். வேலைப்பாட்டில் இது உயர்தரமான அச்சு. ஓரத்தைக் கிள்ளி உரித்தால் முழுதாக வராமல் கிழிந்துவிடும். அந்த ஏற்பாட்டில் எனக்குக் குறையேதும் தோன்றவில்லை. ஆயினும் எச்சரிக்கைப் படத்துக்கு நேர்ந்த கதிதான் வில்லைக்கும். உதிரியாக வாங்குபவரின் கைக்கு அது வருவதில்லை. ஆகவே சோதிக்கும் பொறுப்பு கடைக்காரரிடமும் அதிகாரியிடமுமே தங்கிவிடுகிறது.

வருவாய் ஆணையத்துக்கும் மாஸ்டர்மைண்டுக்கும் இடையிலான வரிப் பிணக்கு நீண்டது. கோடிக்கணக்கான ஷில்லிங் பாக்கி என்று ஆணையம் கோர, நிறுவனம் நீதிமன்றத்தை நாட, அந்த இழுபறி நிறுவனத்தின் சொத்துகளைத் தொடும் அளவுக்கு முற்றியது. கலால் வரி என்பது புகைப்பவரிடம் வாங்கி அரசுக்குக் கொடுக்க வேண்டிய பணம். அதை நடைமுறை முதலாகப் புரட்டிக்கொள்ளும் ஆசை வந்தால் எந்த ஆலையும் தப்பாது. இந்த நிறுவனம் அப்படிச் செய்தது என்று நான் சொல்லவில்லை, அதை நீதிமன்றம்தான் சொல்ல வேண்டும். ஆனால் உள்ளூர்க்காரர் என்பதற்காக வரியில் இரக்கம் காட்ட வேண்டும் என்று சிலர் எழுதியபோது எனக்கு உடன்பாடு இருக்கவில்லை. ஒழுங்காக வரி கட்டும் உள்ளூர்ப் பட்டறைக்காரர் எத்தனையோ பேர் அதே சாலையில் இருந்தார்கள்.

என்னை மிகவும் ஏமாற்றமடையச் செய்தது வேறொன்று. 2014ஆம் ஆண்டு விதிகளை எதிர்த்து பிரிட்டிஷ் அமெரிக்கன் டொபாக்கோ கென்யா வழக்குத் தொடுத்தது. எச்சரிக்கைப் படங்கள், உற்பத்தி மற்றும் இறக்குமதி மதிப்பில் 2 விழுக்காட்டை நிறுவனங்கள் செலுத்த வேண்டிய இழப்பீட்டு நிதி, அரசு அதிகாரிகளுடன் புகையிலைத் துறையினர் பழகுவதற்கான வரம்பு ஆகியவை அதில் விவாதிக்கப்பட்டன. வழக்கு உயர் நீதிமன்றம், மேல்முறையீட்டு நீதிமன்றம் ஆகியவற்றைக் கடந்து உச்ச நீதிமன்றம் சென்றது. 2019 நவம்பர் 26ஆம் நாள் உச்ச நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்தது. அந்த வழக்கில் மாஸ்டர்மைண்ட், தீர்ப்பு தன்னையும் தொடும் என்ற பொருளில், 'பாதிக்கப்படும் தரப்பாக' இடம்பெற்றிருந்தது. இலைக் களத்தில் கால் நூற்றாண்டுக்கு முன் தன்னை நசுக்க விதி வரைந்தவருக்கு எதிரியாக இருந்த நிறுவனம், உடல்நல விதிகள் என்று வந்தபோது அதே தரப்பில் நின்றதைக் காணும்போது, முதலாளியின் ஊர் எது என்பது புகைப்பவரின் நுரையீரலுக்கு எந்த வேறுபாட்டையும் தரவில்லை என்று புரிகிறது.

ஆகவே சூப்பர்மேட்ச் நல்ல பொருளா என்று என்னிடம் கேட்டால், பெட்டியும் பொதியலும் நன்று, நிறுவனத்தை எழுப்பிய உழைப்பு மதிக்கத்தக்கது, சிகரெட்டை வாங்காதீர்கள் என்பேன். உள்ளூர்த் தொழிலை ஆதரிக்க விரும்புவோருக்கு நைரோபியில் தேயிலை, காப்பி, தோல் பொருள், மரச்சாமான் என்று எத்தனையோ நல்ல சரக்குகள் கிடைக்கின்றன.

எனக்கு மீதமிருக்கும் கவலை மிகோரிப் பகுதி விவசாயிகளைப் பற்றியது. இரண்டு நிறுவனங்களின் சண்டையிலும் அவர்களுடைய கடன் மட்டும் மாறாமல் இருந்தது. விறகுக்காக மரம் வெட்டுவதும், பச்சை இலையைத் தொட்டுத் தொட்டு நிக்கோட்டின் தோல்வழி ஏறி வாந்தியும் தலைசுற்றலும் வருவதும் அவர்கள் வீட்டுக்குள் நடப்பவை. 2022ஆம் ஆண்டு உலக சுகாதார நிறுவனமும், உணவு வேளாண்மை நிறுவனமும், உலக உணவுத் திட்டமும் கென்ய அரசுடன் சேர்ந்து அங்கே ஒரு திட்டத்தைத் தொடங்கின. புகையிலையை விட்டவர்கள் இரும்புச்சத்து மிகுந்த பீன்ஸ் பயிரிட விதையும் பயிற்சியும் பெறுகிறார்கள். விளைச்சலை வாங்கிக்கொள்ள உலக உணவுத் திட்டம் முன்வந்திருக்கிறது. புகையிலைக்கு விவசாயி கட்டுப்பட்டுக் கிடந்ததே, விதைக்கும் முன்பே வாங்குபவர் யார் என்று தெரிந்திருந்த அந்த ஒரு வசதிக்காகத்தான். பீன்ஸுக்கும் அது கிடைத்துவிட்டது. பழைய ஒப்பந்தக் கடனை அடைக்க அவர்களுக்கு யாரேனும் கைகொடுத்தால், அடுத்த பருவத்தில் விறகுக் கொட்டகையை மூடிவிட்டு மாறுவதற்குப் பலர் ஆயத்தமாக இருப்பார்கள் என்று நம்புகிறேன்.