ஹவுஸ் ஆஃப் கார்ட்ஸா, போர்கனா?
அமெரிக்க அரசியல் சீரிஸ் ஹவுஸ் ஆஃப் கார்ட்ஸ்ல (2013) புருஷன் பொண்டாட்டியான ஃபிராங்கும் கிளேரும் நைட்டு ஜன்னலோரம் ஒரே சிகரெட்ட மாத்தி மாத்தி இழுத்துக்கிட்டு பிளான் போடுற சீன் செம கெத்துதான், ஆனா எனக்கு அவங்க கல்யாணம் தேர்தல் கூட்டணி மாதிரிதான் தெரிஞ்சுது, பங்கு சரியா வரலைன்னதும் புட்டுக்கிச்சு. டென்மார்க் அரசியல் சீரிஸ் போர்கன் (2010) வேற ரகம். பிர்கிட்டே பிரதமர் ஆனதும் புருஷன் பிலிப் வீட்டையும் புள்ளைங்களையும் பாத்துக்கிறாரு, அப்புறம் அவருக்கு ஒரு சூப்பர் சிஇஓ வேலை கிடைக்குது, ஆனா அந்தக் கம்பெனிக்கு ராணுவ கான்ட்ராக்ட்ல தொடர்பு இருக்குன்னு தெரிஞ்சதும் பிர்கிட்டேவே அந்த வேலைய விட்டுடச் சொல்றாங்க, அங்க ஆரம்பிச்சது டிவோர்ஸ்ல போய் நிக்குது. கொலை எதுவும் தேவைப்படல, அதுக்கே நெஞ்சு அடைக்குது. (இதையே ஒரு ஆம்பள பிரதமர் செஞ்சிருந்தா பொண்டாட்டியோட தியாகம்னு சொல்லி முடிச்சிருப்போம்ல?) த்ரில்லுக்கு ஹவுஸ் ஆஃப் கார்ட்ஸ், ஆனா என் ஓட்டு போர்கனுக்குத்தான், அதுவும் முதல் சீசன்.