ஹோபார்ட்டில் மாசனின் குடில்: வயர்லெஸ்காரரை நினைத்துக்கொண்டு போய்ப் பாருங்கள்

டாஸ்மேனியா போகிறவர்கள் ஹோபார்ட் துறைமுகத்தை ஒட்டியிருக்கும் மாசன் குடில் அருங்காட்சியகத்தை விட்டுவிடாதீர்கள். ஆஸ்திரேலிய ஆய்வுப்பயணி டக்ளஸ் மாசனின் குழு 1911 டிசம்பரில் அண்டார்க்டிகாவுக்குக் கிளம்பிய துறைக்குக் கூப்பிடு தூரத்தில், அவர்கள் அங்கே கேப் டெனிசனில் போட்ட மரக்குடிலை மறுபடி கட்டி வைத்திருக்கிறார்கள். சின்ன இடம்தான். வேகமாக நடந்தால் பத்து நிமிடத்தில் வெளியே வந்துவிடலாம், ஆனால் நின்று பாருங்கள். முதல் வருடம் 18 பேர் இதற்குள் குளிர்காலத்தைக் கழித்தார்கள் என்று நினைத்தாலே மூச்சு முட்டுகிறது.

நான் போனது அங்கே வயர்லெஸ் கருவியை இயக்கிய சிட்னி ஜெஃப்ரீஸுக்காக. மாசன் பனியில் தன்னந்தனியாக நடந்து திரும்பிய கதை பலருக்குத் தெரியும், அந்தக் குடிலின் வயர்லெஸ்காரரைப் பற்றிப் பேசுவோர் குறைவு. அவருக்கு முன் வால்டர் ஹன்னம் முயன்றார்; அவர் அனுப்பியதில் சில ஆஸ்திரேலியாவுக்கும் அண்டார்க்டிகாவுக்கும் நடுவில், குழுவின் இன்னொரு வயர்லெஸ் நிலையம் இருந்த மக்வாரி தீவுவரை போய்ச் சேர்ந்தன, பதில்தான் ஹன்னமுக்குக் கேட்கவில்லை. அப்புறம் 1912 அக்டோபரில் வயர்லெஸ் கம்பத்தையே காற்று சாய்த்துவிட்டது. வருடச் சராசரியே மணிக்கு 80 கிலோமீட்டர் அளவுக்கு வீசும் இடம் அது.

1913 பிப்ரவரியில் ஜெஃப்ரீஸ் வந்த பிறகுதான் இரண்டு பக்கமும் பேச முடிந்தது, அண்டார்க்டிகாவிலிருந்து அப்படிப் பேசியது அதுவே முதல் முறை. மாசனோடு பனியில் பயணம் போன நின்னிஸும் மெர்ட்ஸும் இறந்த செய்தி மோர்ஸ் குறியீட்டில் வெளியே போனது அப்படித்தான். அனுப்புவதற்குப் பெட்ரோல் எஞ்சின் ஓட வேண்டும், கேட்பதற்கோ சுற்றிலும் அமைதி வேண்டும். இந்த இரண்டாம் வருடம் ஏழு பேர் அடைந்து கிடக்கிற குடிலில், வெளியே புயல் ஊளையிட, பறக்கும் பனித்தூள் உண்டாக்கும் மின் இரைச்சலுக்குள் 1,500 கிலோமீட்டருக்கு அப்பால் மக்வாரி தீவிலிருந்து வரும் புள்ளியையும் கோட்டையும் இரவிரவாகத் தேடிப் பிடிக்க வேண்டும். வெளியுலகம் அவர் காதுக்குள் மட்டும்தான் இருந்தது.

அந்தக் குளிர்காலத்தில் அவர் மனம் குலைந்தது. கூட இருப்பவர்கள் தன்னைக் கொல்லப் பார்க்கிறார்கள் என்று நம்பினார். மாசன் பெயரில், மற்றவர்களுக்குப் புத்தி சரியில்லை என்று செய்தியும் அனுப்பிவிட்டார். குழுவில் இருந்த பிக்கர்டன் மோர்ஸ் கற்றுக்கொண்டு அந்த வேலையை ஏற்க வேண்டியதாயிற்று. இதில் மற்ற ஆறு பேரை என்னால் குறை சொல்ல முடியவில்லை, கதவைத் திறந்து போக வேறு இடமே இல்லையே. ஆனால் 1914இல் ஊர் திரும்பியதும் நடந்ததை ஏற்க முடியவில்லை. நோயாளியான அவரைத் தனியாக ரயிலேற்றி வீட்டுக்கு அனுப்பினார்கள், வீடு போய்ச் சேரவில்லை. விக்டோரியா மாநிலத்தில் புதர்க்காட்டில் அலைந்துகொண்டிருந்தவரைக் கண்டுபிடித்தார்கள். அங்கேயே அராரட் ஊர் மனநல மருத்துவமனையில் 1942இல் இறந்தார்.

அசல் குடிலில் வயர்லெஸ் கருவி இருந்தது பெரிய அறையை ஒட்டிய பட்டறையில். இதைத் தெரிந்துகொண்டு போனால் படுக்கைகளைப் பார்க்கும்போதே யார் தூங்கினார்கள், யார் விழித்திருந்தார்கள் என்று மனம் தேட ஆரம்பித்துவிடும். குழந்தைகளை அழைத்துப் போகலாம், நாய்ச்சறுக்கு வண்டிக் கதைகள் அவர்களுக்குப் பிடிக்கும். டிக்கெட் பணம் கேப் டெனிசனில் இன்னும் நிற்கிற அசல் குடில்களைப் பராமரிக்கப் போகிறது, அதனால் தயங்காமல் கொடுங்கள்.