பாத்திரம் கழுவுவதில் கெட்டிக்காரர் யார்: மௌனப்பட நகைச்சுவை நடிகர்கள் சார்லி சாப்ளினா, பஸ்டர் கீட்டனா?

1916-இல் வந்த 'தி பான்ஷாப்' படத்தில் சாப்ளின் அடகுக்கடை வேலையாள். கழுவிய தட்டுகளின் ஈரம் போக, துணி பிழியும் உருளைகளுக்கு நடுவே விட்டுச் சுற்றுகிறார். அப்புறம் தன் ஈரக் கைகளையும் அதிலேயே விடுகிறார்! முகத்தில் அத்தனை அக்கறை.

1920-இல் வந்த 'தி ஸ்கேர்குரோ'வில் கீட்டனும் சக நடிகர் ஜோ ராபர்ட்ஸும் ஒற்றை அறை வீட்டில் இருக்கிறார்கள். உப்பு, மிளகெல்லாம் மேலிருந்து கயிற்றில் தொங்குகின்றன. ஒருவர் தள்ளிவிட, மற்றவர் லாவகமாகப் பிடிக்கிறார். சாப்பிட்டு முடித்ததும் மேசைப் பலகையைத் தட்டுகளோடு தூக்கிச் சுவரில் மாட்டி, குழாயால் தண்ணீர் அடிக்கிறார்கள். தட்டுகள் பலகையோடு பொருத்தியவை, ஒன்றுகூட விழாது.

என் ஓட்டு கீட்டனுக்குத்தான். அவர் படத்தில் வீடே நடிக்கிறது. ஆனால் வயிறு வலிக்கச் சிரித்தது, சாப்ளின் கைகளைப் பிழிந்தபோது.