பச்சிளம் குழந்தைகளுக்கான ஸ்கேன் பயிற்சி: போகலாமா?

போன மாதம் இரண்டு நாள் அல்ட்ராசவுண்ட் பயிற்சி ஒன்றுக்குப் போய் வந்தேன். பச்சிளம் குழந்தைகள் வார்டில் வேலை செய்கிற டாக்டர்களுக்கென்றே நடத்துவது. எங்கள் வார்டில் குறைமாதக் குழந்தைக்குத் தலை ஸ்கேன் வேண்டுமென்றால் ரேடியாலஜியிலிருந்து ஆள் வரும்வரை காத்திருக்க வேண்டும், ராத்திரியில் அதுவும் கிடையாது, அதனால்தான் போனேன்.

முதல் நாள் காலை தலை ஸ்கேன். இதற்காகவே கட்டணம் கொடுக்கலாம். உச்சிக்குழி மூடாமல் இருப்பதால் அது வழியாகவே மூளையைப் பார்த்துவிடலாம், கதிர்வீச்சு இல்லை, குழந்தையை வார்மரை (சூடு தரும் படுக்கை) விட்டு எடுக்கவும் வேண்டாம். 32 வாரத்துக்கு முன் பிறந்தவர்களுக்கு மூளை ரத்தக்கசிவு பெரும்பாலும் முதல் 72 மணி நேரத்துக்குள் வரும், அந்தக் கசிவின் தீவிரத்துக்கு 1978-இல் பப்பைல் என்ற மருத்துவர் வகுத்த நான்கு நிலைகள், இதெல்லாம் படித்ததுதான். ஆனால் திரையில் வெள்ளையாகத் தெரிந்த கோராய்டு பிளெக்சஸை (மூளைக்குள் நீர் சுரக்கும் இயல்பான திசு) நான் ரத்தம் என்று சொன்னபோது, பயிற்சியாளர் ப்ரோபை (கையில் பிடித்து உடலில் வைக்கும் ஸ்கேன் மெஷின் பகுதி) வாங்கிக்கொள்ளாமல், "இன்னும் கொஞ்சம் முன்பக்கமா சாய்ச்சுப் பாருங்க" என்றார். காடோதலாமிக் பள்ளத்துக்கு (மூளையின் ஆழத்தில் காடேட், தலாமஸ் என்ற இரண்டு பகுதிகளுக்கு நடுவே உள்ள பள்ளம்) முன்னால் கோராய்டு பிளெக்சஸ் வராது, அங்கே வெள்ளை தெரிந்தால்தான் ரத்தமா என்று யோசிக்க வேண்டும். என் கையாலேயே சாய்த்துப் பார்த்ததால் இனி அது மறக்காது. ஜெல்லை வெதுவெதுப்பாக்கித்தான் வைக்க வேண்டும், உச்சிக்குழியில் அழுத்தவே கூடாது என்று ஒவ்வொரு முறையும் விடாமல் சொன்னார்கள், ரொம்பப் பிடித்தது.

குறை என்றால் கூட்டம்தான். ஒரு மெஷினுக்கு 12 பேர். இரண்டு நாளில் ப்ரோப் என் கையில் இருந்தது 20 நிமிடம் இருக்கும். நுரையீரல் ஸ்கேன் வெறும் ஸ்லைடோடு போய்விட்டது. அப்புறம், முதல் வார ஸ்கேன் நன்றாக இருந்தாலும் மூளையின் நரம்பிழைப் பகுதி பாதிக்கப்பட்டால் அங்கே வரும் நீர்க்கட்டிகள் 2 முதல் 4 வாரம் கழித்துத்தான் தெரியும், மறு ஸ்கேன் கட்டாயம். இதை ஒரே வரியில் முடித்தது எனக்கு வருத்தம். குழந்தையை வீட்டுக்கு அனுப்பும்போது தவறிப்போவது இதுதானே.

போகிறவர்கள், ஒரு மெஷினுக்கு எத்தனை பேர் என்று முதலிலேயே கேளுங்கள், ஐந்துக்கு மேல் என்றால் அடுத்த பேட்ச் பாருங்கள். வார்டுக்கு மெஷின் வாங்கும் வேலையையும் இப்போதே தொடங்கிவிடுங்கள். குழந்தைகளுக்கு மட்டும்தான் என்றாலும், கருவின் பாலினம் பார்ப்பதைத் தடுக்கும் 1994 சட்டப்படி பதிவு வேண்டும், அதற்கு நாளாகும், அதற்குள் பழகிய கை மறந்துவிடும்.