எரோட்டிகான் (1929): வசனத்தைவிட நன்றாகப் பேசும் இரண்டு மழைத்துளிகள்

‘எரோட்டிகான்’ என்ற இந்தச் செக் மௌனப்படத்தின் வட்டை வாங்குவதற்கு முன் ஒன்றைக் கவனியுங்கள். 1920-இல் சுவீடனில் மாரிட்ஸ் ஸ்டில்லர் எடுத்த படத்துக்கும் இதே பெயர்தான். அது நகைச்சுவை. செக் படம் வேண்டுமென்றால் இயக்குநர் குஸ்தாவ் மகாட்டி, நாயகி இட்டா ரினா என்று அட்டையில் இருக்கிறதா என்று பாருங்கள்.

ரயில் நிலையக் காவலரின் மகள் ஆந்திரேயா. மழை கொட்டும் இரவில் வண்டியைத் தவறவிட்ட ஜார்ஜுக்கு அப்பா வீட்டில் இடம் கொடுத்துவிட்டு இரவு வேலைக்குப் போய்விடுகிறார். அந்த ஒரு இரவில் அவள் வாழ்க்கை திசைமாறிவிடுகிறது.

படத்தின் உயிர் இந்த முதல் பகுதிதான். இருவரும் சேர்வதை மகாட்டி நேரடியாகக் காட்டுவதில்லை. ஜன்னல் கண்ணாடியில் வழியும் இரண்டு மழைத்துளிகள் ஒன்றாகின்றன. ரினாவின் முகம் திரையை நிறைக்கிறது. வாட்ஸ்லாவ் வீக்கின் ஒளிப்பதிவு அந்த முகத்தில் ஆசையையும் பயத்தையும் ஒரே சமயத்தில் பிடித்திருக்கிறது. மௌனப்படங்களில் வசனத்துக்குப் பதிலாக இடையில் வரும் எழுத்தட்டை எதுவும் இதைச் சொல்லியிருக்க முடியாது.

பிற்பாதி தடுமாறுகிறது. குழந்தை இறந்தே பிறக்கிறது, வழியில் அவளைக் காப்பாற்றப்போய் அடிபட்ட யான் என்பவனுக்கு அவள் ரத்தம் கொடுக்கிறாள், அவனையே மணக்கிறாள், பிறகு ஜார்ஜ் மறுபடி எதிரில் வந்து நிற்கிறான். தற்செயல்களின் மேல் தற்செயலாக அடுக்கியதில் கதை பாரம் தாங்கவில்லை. ஆனாலும் கணவனும் பழைய காதலனும் சதுரங்கம் ஆட, அவள் பார்த்துக்கொண்டிருக்கும் காட்சிக்காகப் பொறுத்துக்கொள்ளலாம். காய்களைவிட மூவரின் கண்களைக் கவனியுங்கள்.

எந்தப் பிரதியில் பார்க்கிறீர்கள் என்பது மிக முக்கியம். செக் தேசியத் திரைப்படக் காப்பகம் மீட்டெடுத்த, யான் க்ளுசாக் இசையமைத்த பிரதியைத் தேடுங்கள். இணையத்தில் கிடைக்கும் மங்கலான பிரதிகளில் கறுப்பு சாம்பலாக வெளுத்துவிடும். மழைத்துளிகள் கண்ணாடியோடு கரைந்துபோகும். வேகத்தையும் சோதியுங்கள். நொடிக்கு 20 சட்டகமாக ஓட வேண்டிய மௌனப்படத்தை 24-இல் ஓட்டினால் 60 நிமிடம் 50 ஆகிவிடும். நடப்பவர்கள் துள்ளுவதுபோல் தெரிந்தால் வேகம் தப்பு, பிளேயரில் 0.85 அளவுக்குக் குறைத்துப் பாருங்கள். அப்போது இசை இழுக்கும், அதனால் ஒலியை அணைத்துவிடுவது நல்லது.

அறை விளக்கையும் அணைத்துவிடுங்கள். முதல் அரைமணி நேரம் பெரும்பாலும் இருட்டில்தான் நடக்கிறது.