ஒரு பெருநகரம், பல ஊர்கள்: நவி மும்பை வழியா, டெல்லி வழியா, சென்னை வழியா?

எங்கள் தெருவில் ஒரு மழைநீர் வடிகால் இருக்கிறது. தெருமுனையில் தொடங்கி இருநூறு அடி போல ஓடி, ஒரு வீட்டு மதிலோரம் சட்டென்று நின்றுவிடும். அதற்கு அப்பால் வேறு உள்ளாட்சி. ஐப்பசி மழை பிடித்துவிட்டால் அந்த இடத்தில் முழங்கால் அளவு தண்ணீர். இரண்டு அலுவலகங்களிலும் மனு கொடுத்தாயிற்று. இவர்கள் அவர்களைக் கைகாட்டுகிறார்கள், அவர்கள் இவர்களை. பெருநகரத் திட்டம் என்ற பேச்சு வரும்போதெல்லாம் எனக்கு அந்த மதிலோரம்தான் நினைவுக்கு வரும்.

1,189 சதுர கிலோமீட்டராக இருந்த சென்னைப் பெருநகரப் பகுதி, 2022 அக்டோபரில் 5,904 சதுர கிலோமீட்டராக விரிக்கப்பட்டது. சென்னை, தாம்பரம், ஆவடி, காஞ்சிபுரம் என்று நான்கு மாநகராட்சிகள் இப்போது ஒரே கோட்டுக்குள். 2027 முதல் 2046 வரைக்கான மூன்றாவது முழுமைத் திட்டமும் தயாராகிறது. பல ஊர்களைச் சேர்த்துக் கட்டியாளும் இந்த வேலையை நாட்டில் வேறு இரண்டு இடங்கள் வேறு வேறு விதமாகச் செய்து பார்த்திருக்கின்றன.

முதலாவது நவி மும்பை. பம்பாய்த் தீவு தெற்கு வடக்காக நீண்டு திணறிக்கொண்டிருந்த 1960-களில், வளைகுடாவுக்கு எதிர்க்கரையில் ஓர் இரட்டை நகரம் எழுப்பலாம் என்று சார்லஸ் கொரியா, பிரவீணா மேத்தா, சிரிஷ் பட்டேல் மூவரும் முன்மொழிந்தார்கள். 1970-இல் மகாராஷ்டிர அரசு அதற்கென்று சிட்கோ நிறுவனத்தைத் தொடங்கியது (நம் ஊர்த் தொழிற்பேட்டைச் சிட்கோ வேறு). திட்டத்தின் உயிர்நாடி நிலம். 95 கிராமங்களின் நிலத்தை அரசே கையகப்படுத்தி, சாலையும் சாக்கடையும் போட்டு, மனைகளாக விற்று, வந்த பணத்தில் அடுத்த பகுதியைக் கட்டுவது. நகரம் வளர்வதால் ஏறும் நிலவிலை நகரத்துக்கே திரும்ப வேண்டும் என்ற இந்த எண்ணம் எனக்கு மிகவும் பிடித்தது. ரயில் பாதைக்கான செலவிலும் மூன்றில் இரண்டு பங்கை சிட்கோவே ஏற்றது. நவி மும்பையின் வாஷி ரயில் நிலையத்தின் மேலேயே அலுவலகக் கட்டடம் நிற்பதற்கும் இதுதான் காரணம்.

ஆனால் அந்த ரயில் வாஷிக்கு வந்தது 1992-இல். சாலைப்பாலம் 1973-லேயே வந்துவிட்டது. ரயிலுக்கு இன்னும் ஏறக்குறைய இருபது ஆண்டுகள் ஆயின. தலைமைச் செயலகம் எதிர்க்கரைக்கு வரும் என்று எதிர்பார்த்தார்கள், அது வரவேயில்லை. அதே காலத்தில் தீவின் தென்முனையில் கடலைத் தூர்த்து நாரிமன் பாயின்ட்டில் அலுவலகக் கோபுரங்கள் எழும்பின. ஒரு கையால் புது நகரம் கட்டிக்கொண்டு, மறுகையால் வேலைகளைப் பழைய நகரத்தின் நுனியிலேயே குவித்தார்கள். நிலம் கொடுத்தவர்களின் கணக்கு இதைவிடக் கசப்பானது. 1984-இல் ஜாசாய் கிராமத்தில் நியாயமான இழப்பீடு கேட்டுப் போராடிய விவசாயிகள் ஐந்து பேர் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார்கள். அதற்குப் பிறகுதான் எடுத்த நிலத்தில் 12.5 விழுக்காடு அளவுக்கு மேம்படுத்திய மனையாகத் திருப்பித் தரும் ஏற்பாடு வந்தது. முதல் நாளே தந்திருக்க வேண்டிய பங்கு அது.

டெல்லி எடுத்த வழி நேர் எதிர். அங்கே புது நகரம் இல்லை. ஏற்கெனவே இருக்கும் ஊர்களுக்கு மேல் 1985-ஆம் ஆண்டுச் சட்டத்தின் மூலம் ஒரு திட்ட வாரியம். டெல்லியோடு ஹரியாணா, உத்தரப் பிரதேசம், ராஜஸ்தான் பகுதிகளும் சேர்ந்து 55,083 சதுர கிலோமீட்டர். கேரளத்தைவிடப் பெரிய பரப்பு! வாரியம் திட்டம் தீட்டும், கடன் கொடுக்கும். கட்டுவதும் கட்ட விடுவதும் மாநிலங்களின் கையில். குருகிராமில் தனியார் மனை நிறுவனங்கள் அடுக்குமாடிகளை எழுப்பி முடித்த பிறகு, 2008-இல்தான் மாநகராட்சியே வந்தது. வீடு முதலில், சாக்கடை பிறகு என்ற வரிசையில் வளர்ந்த ஊரில் மழைக்காலம் எப்படி இருக்கும் என்று எங்கள் தெருக்காரர்களுக்கு விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

அங்கே உருப்படியாக நடந்தது டெல்லி–மீரட் விரைவு ரயில். மத்திய அரசுக்குப் பாதி, நான்கு மாநிலங்களுக்கும் ஆளுக்கு எட்டில் ஒரு பங்கு என்று ஒரு கூட்டு நிறுவனம் அமைத்தார்கள். 82 கிலோமீட்டர் தடத்தின் முதல் பகுதி 2023 அக்டோபரில் ஓடத் தொடங்கியது. டெல்லி தன் பங்குப் பணத்தைக் கொடுக்கத் தயங்கியபோது உச்ச நீதிமன்றம் தலையிட்டுக் கொடுக்க வைத்தது. பங்கு எவ்வளவு என்று எழுத்தில் இருந்ததால்தான் தடம் நடுவழியில் நிற்கவில்லை என்பது என் எண்ணம்.

சென்னை வழி இந்த இரண்டும் அல்ல. எல்லைக்கோட்டை அகலமாக இழுத்து, சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமம் என்ற ஒரே அமைப்பின் கையில் திட்ட அனுமதியைக் கொடுப்பது. சிட்கோவுக்கு இருந்த நிலபலம் இந்தக் குழுமத்துக்கு இல்லை. புதுநகரம் கட்டிப் பார்த்த அனுபவம் உண்டு: 1980-இல் தொடங்கிய மறைமலை நகர், தொழிற்சாலைகள் வரும்வரை ஆண்டுக்கணக்கில் காலி மனைகளோடு கிடந்தது. போக்குவரத்தை ஒருங்கிணைக்கும் கும்டாவுக்கான சட்டம் 2010-இல் வந்தது. அதன் முதல் கூட்டம் நடந்தது 2022-இல். கிளாம்பாக்கம் பேருந்து முனையம் 2023 டிசம்பரில் திறந்தபோது பக்கத்தில் ரயில் நிலையம் இல்லை. வாஷியில் செய்த தவற்றை நாமும் சிறிய அளவில் செய்தோம்.

ஆனாலும் அகலமான எல்லையில் ஒரு பெரிய நன்மை இருக்கிறது. அது தண்ணீர். ஆதனூர், மணிமங்கலம் பக்கத்து ஏரிகளின் கலங்கலில் வழிவது அடையாற்றில் இறங்கி, முடிச்சூரைத் தொட்டு, சைதாப்பேட்டை வழியாகக் கடலுக்குப் போகிறது. 2015 டிசம்பரில் முடிச்சூர் மூழ்கியதைப் பார்த்தவர்கள் அதை மறக்கமாட்டார்கள். மேலே ஒரு வரத்துக்காலில் மனை போட்டால் கீழே யார் வீட்டில் தண்ணீர் ஏறும் என்பதைக் கேட்டுத் தடுக்க, ஒரே அதிகாரம் வேண்டும். வடிகால் விஷயத்தில் நான் சென்னை வழியையே ஏற்பேன், அதன் சொல் உள்ளாட்சிகளைக் கட்டுப்படுத்துமானால்.

மற்றவற்றுக்கு வேண்டியது டெல்லியின் கூட்டு ரயில், நவி மும்பையின் நிலவிலைக் கணக்கு. புது நகரம் வேண்டாம். காஞ்சிபுரத்துக்குத் தறி இருக்கிறது, செங்கல்பட்டில் 1965 முதல் மருத்துவக் கல்லூரி இருக்கிறது, திருவள்ளூருக்கு மின்சார ரயில் இருக்கிறது. சென்னையின் புறநகர் என்று பெயர் சூட்டாமல், தன் காலில் நிற்கும் ஊர்களாக இவற்றை வளர்த்தாலே போதும். அதற்கு வேலையும் அலுவலகங்களும் அங்கே போக வேண்டும், ரயில் அதற்கு முன்பே போக வேண்டும்.

செங்கல்பட்டிலிருந்து காஞ்சிபுரம் வழியாக அரக்கோணம் செல்லும் பாதை ஒற்றைத் தடம். எதிர் வண்டிக்காகப் பாலூரில் நிற்கும்போது ஜன்னல் வழியே ஏரிக்கரைப் பனைகளை எண்ணிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். விரிந்த பெருநகரப் பகுதிக்கான திட்டத்தின் வரைவு கைக்கு வந்ததும், அங்கே இரண்டாவது தண்டவாளம் எந்த ஆண்டு, யார் பணத்தில் என்பதைத்தான் முதலில் தேடுவேன்.